தெற்கு ஆல்ப்ஸில் டெய்சி தேடி

சனி, கிறைஸ்ட்சர்ச்

நியூசிலாந்து என்றால் நம் ஆட்களுக்கு ஆடு, கிரிக்கெட், அப்புறம் பாட்டு எடுக்கத் தோதான பனிமலை. எனக்கு அங்கே ஒரு செடியைப் பார்க்க வேண்டியிருந்தது. செல்மீசியா என்று ஒரு பேரினம், இங்கே மவுண்டன் டெய்சி என்கிறார்கள். 60-க்கு மேல் இனங்கள் இருக்கின்றன, ஏறக்குறைய எல்லாமே இந்த நாட்டில் மட்டும்தான், ஆஸ்திரேலியாவின் பனிமலைப் பக்கமும் டாஸ்மேனியாவிலும் ஒரு சில இனம் உண்டு, அவ்வளவுதான். குடும்பம் நமக்குத் தெரிந்த குடும்பம்தான். சூரியகாந்தி, சாமந்தி, வரப்போரக் கரிசலாங்கண்ணி, ரோட்டோர வெட்டுக்காயப் பூண்டு எல்லாம் இதன் சொந்தக்காரர்கள்.

அக்காவும் அத்தானும் இங்கே வந்து குடியேறி ரொம்ப வருஷமாகிறது. சாப்பிடும்போது விஷயத்தைச் சொன்னேன். "டெய்சியா? அது நம்ம வீட்டு வாசல் புல்லுலயே முளைச்சுக் கிடக்கே, அதுக்கா இவ்வளவு செலவு பண்ணி வந்தே?" என்றாள் அக்கா. வாசல் புல்லில் கிடப்பது ஐரோப்பாவிலிருந்து குடியேறியவர்களோடு வந்த சின்ன டெய்சி. நான் தேடி வந்தது வேறு. அத்தானுக்கு மட்டும் கண் விரிந்தது, மனிதருக்கு மலை ஏறுவதற்கு ஒரு சாக்கு வேண்டும். "ஜனவரில வந்தது நல்லதாப் போச்சு, நாளைக்கே கிளம்பலாம்" என்று வரைபடத்தை விரித்துவிட்டார். டிசம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி நடுவரைதான் மேலே பூ இருக்கும்.

ஞாயிறு, போர்ட்டர்ஸ் பாஸ்

கிறைஸ்ட்சர்ச்சிலிருந்து மேற்கே 73-ஆம் நம்பர் நெடுஞ்சாலை. முதல் ஒரு மணி நேரம் தட்டையான கேன்டர்பரி சமவெளி, பால் பண்ணைகள், வயலுக்கு வேலி மாதிரி வரிசையாக நட்ட பைன். ரோட்டோரம் மஞ்சளாகப் பூத்துக் கிடந்த ஒரு முள்புதரைப் பார்த்ததும் ஊட்டி ஞாபகம் வந்துவிட்டது, நீலகிரியில் வெள்ளைக்காரர்கள் கொண்டுவந்து விட்ட அதே கோர்ஸ் செடிதான். அங்கேயும் தொல்லை, இங்கேயும் தொல்லை.

போர்ட்டர்ஸ் பாஸ் என்கிற கணவாய் 900 மீட்டருக்குக் கொஞ்சம் மேலே. காரை நிறுத்திவிட்டு வேலி ஓரமாக மேட்டில் ஏறினோம். காற்று ஆளைத் தள்ளுகிறது. டஸக் என்கிற கொத்துப்புல், பழுத்த வைக்கோல் நிறத்தில் கண்ணுக்கெட்டின தூரம்வரை. அதற்கு நடுவே முதல் செல்மீசியா.

காட்டன் டெய்சி, செல்மீசியா ஸ்பெக்டபிலிஸ். இலை தடிப்பாக, மேலே பளபளவென்று பச்சை, புரட்டினால் அடியில் வெள்ளைப் பஞ்சு ஒட்டவைத்தது மாதிரி. ஒரு சாண் உயரக் காம்பு, அதன் உச்சியில் ஒற்றைப் பூ. பூ என்று பார்த்தால் சாதாரண டெய்சிப் பூதான், வெளியே வெள்ளை வரிசை, நடுவே மஞ்சள் வட்டு. வெளியே நீண்டு நிற்கிற ஒவ்வொரு வெள்ளை 'இதழும்' தனிப் பூ, மஞ்சள் வட்டில் நெருக்கியடித்து நிற்பதும் எல்லாம் தனித்தனிப் பூ, மொத்தத்தில் ஒரு காம்பில் ஒரு கூட்டமே குடியிருக்கிறது. ஆனால் இது இந்தக் குடும்பத்துக்கே உள்ள வழக்கம், வெட்டுக்காயப் பூண்டிலும் இதே ஏற்பாடுதான்.

என்னைப் பிடித்து நிறுத்தியது செடியின் அடிப்பாகம். பழைய இலைகளின் மட்டைகள் உதிராமல் ஒன்றன்மேல் ஒன்றாகச் சுற்றிக்கொண்டு, நம் வாழைமரம் எப்படி மட்டைக்குள் மட்டையாக இருக்குமோ அப்படி ஒரு பொய்த்தண்டு. வளரும் குருத்து அதற்குள்ளே பத்திரமாக, ஈரமாக இருக்கிறது. ஆடு மேய்க்க வந்தவர்கள் 1850-களிலிருந்து இந்தக் கொத்துப்புல் மலைகளைத் திரும்பத் திரும்பக் கொளுத்தினார்கள், புதுத் தளிர் வரட்டும் என்று. புல் அடிபட்டது. இந்தச் செடி மேல் இலை கருகினாலும் உள்ளிருந்து துளிர்த்து வந்தது. போதாததற்கு ஆட்டுக்கு இதன் இலை பிடிக்கவில்லை, சப்பென்று பஞ்சைக் கடிக்க யாருக்குத்தான் பிடிக்கும். ஆகவே தீயும் மேய்ச்சலும் அதிகமான சரிவுகளில் இது குறையாமல் கூடவே செய்திருக்கிறது. இயற்கை வளம் என்று நாம் போட்டோ எடுக்கும் சில சரிவுகள் உண்மையில் பழைய தீயின் தழும்பு. சொன்னதும் அத்தான் எடுத்த போட்டோவை இன்னொரு தடவை பார்த்துக்கொண்டார்.

இன்னும் மேலே, பாறை முகட்டில், தூரத்திலிருந்து பார்த்தால் ஆடு படுத்திருக்கிற மாதிரி சாம்பல் வெள்ளையில் உருண்டை உருண்டையாக. கிட்டப் போனால் செடி! வெஜிடபிள் ஷீப் என்கிறார்கள், ராவுலியா எக்ஸிமியா. ஆயிரக்கணக்கான நுனிகள் நெருக்கி நெருக்கி ஒரே மெத்தையாகிவிட்டன, விரலால் அழுத்தினால் அமுங்கவில்லை. இதுவும் அதே சூரியகாந்திக் குடும்பம்தான். கொளுத்தும் வெயிலில் ஆளுயரம் நிற்கிற சூரியகாந்தியும் குளிரில் கல்லோடு கல்லாகக் கிடக்கிற இதுவும் பங்காளிகள் என்பதை அக்காவிடம் சொன்னபோது அவள் நம்பவில்லை, "நீ சும்மா இரு" என்று சொல்லிவிட்டாள்.

திங்கள், ஆர்தர்ஸ் பாஸ்

மழை. விடிந்ததிலிருந்து மழை. அறையை விட்டு வெளியே போக முடியவில்லை, ஆகையால் இன்று படிப்புதான்.

டாஸ்மன் கடலில் கிளம்புகிற மேற்குக் காற்று முழு ஈரத்தோடும் நேராக வந்து தெற்கு ஆல்ப்ஸ் மலைத்தொடரில் முட்டுகிறது, முட்டி மேலேறிக் குளிர்ந்து மேற்குச் சரிவிலும் முகட்டிலும் மொத்தத்தையும் கொட்டுகிறது, கிழக்கே இறங்கும்போது காய்ந்து போய்விடுகிறது. கிறைஸ்ட்சர்ச்சில் வருஷத்துக்குச் சுமார் 600 மில்லிமீட்டர் மழை. இரண்டு மணி நேரம் காரில் வந்தால் இந்த ஊர், இங்கே 4,000-க்கு மேல். சென்னைக்குச் சராசரி 1,400 சொச்சம் என்று நினைத்துக்கொண்டால் கணக்கு புரியும். மலையைத் தாண்டி மேற்கே ஓட்டிராவில் இன்னும் அதிகம்.

மதியம் கொஞ்சம் விட்ட நேரத்தில் ரயில் நிலையம் வரை நடந்தோம். கேயா என்கிற மலைக்கிளி ஒன்று காரின் ஜன்னல் ரப்பரைப் பிய்த்துக்கொண்டிருந்தது, யாருடைய காரோ. அத்தான் நம் காரைத் தள்ளி நிறுத்தினார்.

இந்த ஊரின் கதை ரயிலோடு சேர்ந்தது. கணவாய்க்கு ஆர்தர் டாப்சன் என்கிற நில அளவையாளரின் பெயர், 1864-ல் வந்தவர். மேற்குக் கரையின் பூர்வகுடி மாவோரித் தலைவர் டாராபுஹி சொல்லித்தான் வழி இருப்பதே அவருக்குத் தெரிந்தது, அதற்கு எவ்வளவோ முன்பே மாவோரிகள் பச்சைக்கல் எடுக்க மலை தாண்டிப் போய்வந்துகொண்டிருந்தார்கள். பெயர் என்னவோ அளக்க வந்தவருக்கு. அப்புறம் 1923-ல் எட்டரைக் கிலோமீட்டர் நீளத்தில் ஓட்டிரா சுரங்கப்பாதை திறந்தது. கிறைஸ்ட்சர்ச்சிலிருந்து மலிவு டிக்கெட்டில் ஞாயிற்றுக்கிழமை உல்லாச ரயில்கள் விட்டார்கள், கூட்டம் கூட்டமாக வந்தவர்கள் மலைப்பூக்களைக் கை நிறையப் பறித்துக்கொண்டும் செடியோடு பிடுங்கிக்கொண்டும் திரும்பினார்கள். லெனர்ட் காக்கேன் என்ற தாவரவியலாளர் இந்த மலைகளில் பல வருஷம் அலைந்தவர், இடத்தைக் காப்பாற்றச் சொல்லி ரொம்ப காலமாக வற்புறுத்திக்கொண்டிருந்தார். கடைசியில் 1929-ல் தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள், தென் தீவில் முதல் பூங்கா இதுதான். பூப்பறிப்பவர்களால் ஒரு தேசியப் பூங்கா கிடைத்தது என்றால் அதுவும் ஒரு மாதிரியான நன்மைதான்.

செவ்வாய், ஓட்டிரா பள்ளத்தாக்கு

வானம் கழுவித் துடைத்துவிட்ட மாதிரி. காலையிலேயே கணவாய் உச்சிக்குப் போய்விட்டோம், 920 மீட்டர். டாப்சன் பெயரிலேயே அங்கே ஒரு சின்ன நடைபாதை உண்டு, அரை மணி நேரத்தில் சுற்றி வந்துவிடலாம், முட்டிவலிக்காரர்களும் மலைப்பூ பார்க்க முடிகிற இடம். அக்காவை அங்கே விட்டுவிட்டு நானும் அத்தானும் உச்சியைத் தாண்டிக் கொஞ்சம் தள்ளி ஆரம்பிக்கிற ஓட்டிரா பள்ளத்தாக்குப் பாதையில் இறங்கினோம்.

முதலில் புதர்க்காடு, ஈரம் சொட்டுகிறது. அது குட்டையாகிக் குட்டையாகி இடுப்பளவு வந்து முடிந்ததும் பள்ளத்தாக்கு இரண்டு பக்கமும் திறந்தது, நடுவில் பால் கலந்த நீலத்தில் ஓட்டிரா ஆறு, இரண்டு பக்கச் சரிவிலும் நான் தேடி வந்தது.

டிக்குமு. மாவோரிப் பெயர் அது, செல்மீசியா செமிகார்டேட்டா என்பது அறிவியல் பெயர். செல்மீசியாக்களில் பெரியது. ஒரு முழத்துக்கு மேல் நீளமான வாள் இலைகள் தரையிலிருந்து வட்டமாக எழுந்து நிற்கின்றன, முழுச் செடியும் வெள்ளி நிறம். சாம்பல் இல்லை, வெள்ளை இல்லை, வெள்ளிதான், வெயில் பட்டதும் சரிவு முழுக்க மினுங்குகிறது. காம்புகள் முழங்காலுக்கு மேலே, பூ என் உள்ளங்கை அகலம். இவ்வளவு பெரிய டெய்சியை நான் காட்டில் எங்கேயும் பார்த்ததில்லை. இருந்தும் பூவைப் பார்த்தது கொஞ்ச நேரம், இலையைப் பார்த்தது ரொம்ப நேரம்.

காய்ந்து விழுந்த ஓர் இலையைக் கையில் எடுத்தேன் (பூங்காவில் பச்சை இலையைப் பறிப்பது குற்றம்). மேல்பக்கம் மெல்லிய தாள் மாதிரி ஒரு வெள்ளித் தோல், நகத்தால் நெம்பினால் உரிந்து வருகிறது. அடிப்பக்கம் இறுக்கமாக நெய்த வெள்ளை ரோமம். இலை மூச்சுவிடுகிற துளைகள் அந்த ரோமத்துக்கு அடியில் ஒளிந்திருக்கின்றன. மேலே வெள்ளித்தோல் கடும் வெயிலைத் திருப்பி அனுப்புகிறது, மழை பட்டால் வழிந்து ஓடிவிடுகிறது, கீழே ரோமம் காற்றைத் தடுத்து ஈரத்தைப் பிடித்துவைக்கிறது. நேற்று அவ்வளவு மழை கொட்டிய இடத்தில் ஈரத்தைச் சேமிக்க என்ன அவசியம் என்று அத்தான் கேட்டார், நியாயமான கேள்வி. மழை நாட்களில் பிரச்சினையே இல்லை, மழை நின்ற அடுத்த மணி நேரம்தான் பிரச்சினை. காய்ந்த காற்று மணிக்கணக்கில் அடிக்கும், அதே சமயம் மண் குளிர்ந்து கிடப்பதால் வேருக்கு வேகமாகத் தண்ணீர் உறிஞ்ச முடியாது. தண்ணீருக்கு நடுவே தாகம் என்கிற நிலைமை. இலையின் ஏற்பாடெல்லாம் அதற்குத்தான்.

மாவோரிகள் இதை நம்மை விட எவ்வளவோ முன்னால் கவனித்துவிட்டார்கள். டிக்குமு இலைகளைப் பதப்படுத்தி நீர் இறங்காத மேலங்கி செய்திருக்கிறார்கள், மலை தாண்டும்போது காலுக்கு உறையும் செய்திருக்கிறார்கள். கால் உறை எதற்கு என்பது எனக்கு அரை மணி நேரத்தில் புரிந்தது. ஸ்பியர்கிராஸ் என்று ஒரு செடி பாதையோரமெல்லாம் இருக்கிறது, மாவோரியில் டாராமேயா, கத்தி மாதிரி விறைத்த இலை, நுனியில் ஊசி. ஜீன்ஸைத் துளைத்துக்கொண்டு குத்துகிறது. சரியான வில்லன் செடி. அதன் பக்கத்திலேயே அதே தோற்றத்தில் மெலிந்த விறைத்த இலையோடு ஒரு செல்மீசியாவும் வளர்கிறது, செல்மீசியா லயாலி, அதுவும் குத்துமோ என்று பயந்து விலகினால் அது அந்த அளவு குத்துவதில்லை, மிரட்டல்தான் அதிகம்.

தென் தீவின் ஙாய் டாஹு மக்களுக்கும் அரசுக்கும் இடையே 1998-ல் ஏற்பட்ட உடன்பாட்டுச் சட்டத்தில் அவர்கள் பொக்கிஷமாகக் கருதும் உயிரினங்களின் பட்டியல் ஒன்று இருக்கிறது. டிக்குமு அதில் உண்டு. ஒரு டெய்சி சட்டப் புத்தகத்தில் ஏறியிருப்பது எனக்குப் பிடித்திருந்தது.

பள்ளத்தாக்கின் உள்ளே போகப்போக இனங்கள் மாறுகின்றன. ஓடைக்கரை ஈரப்பாறையில் ஒட்டிக்கொண்டு, கட்டைவிரல் நகம் அளவு இலையோடு பச்சைப் பாயாக ஒன்று (பெல்லிடியாய்டஸ்). சரிவில் இலை நடுவில் ஆரஞ்சுக் கோடு போட்ட ஒன்று (ஆர்ம்ஸ்ட்ராங்கி). இரண்டுக்கும் நடுவில் எதோடும் ஒட்டாமல் சில செடிகள், இது எது என்று படத்தை வைத்துக்கொண்டு எவ்வளவு பார்த்தாலும் பிடிபடாது. செல்மீசியாக்கள் தங்களுக்குள் தாராளமாகக் கலந்து கலப்பினம் உண்டாக்கும், காக்கேன் தன் பிற்கால உழைப்பில் நிறைய இப்படிப்பட்ட கலப்புகளைத் துரத்துவதிலேயே செலவழித்தார். பெயர் தெரிந்தே ஆக வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்கிறவர்கள் இங்கே வராமல் இருப்பது நல்லது.

ஒன்று கவனித்தேன், பள்ளத்தாக்கில் ஏறக்குறைய எல்லாப் பூவும் வெள்ளை, மிஞ்சினால் மஞ்சள். நம் மலைகளில் இருக்கிற ஊதா, சிவப்பு, நீலம் எதுவும் இல்லை. இந்த நாட்டில் நீண்ட நாக்கு உள்ள தேனீக்கள் பிறப்பிலேயே கிடையாது. மலையில் மகரந்தம் சுமப்பது ஈக்கள், குட்டைநாக்குச் சிறு தேனீக்கள், அந்துப்பூச்சிகள். யார் வந்தாலும் உட்காரத் தோதான திறந்த வெள்ளைத் தட்டு இங்கே போதும். ஒரு டிக்குமு பூவில் ஐந்தாறு ஈக்கள் மேய்ந்துகொண்டிருந்தன. காலடியில் இறக்கையில்லாத மலை வெட்டுக்கிளிகள் வேறு, இவை குளிர்காலத்தில் உடம்பு உறைந்துபோனாலும் பிழைத்துக்கொள்ளும் ஜாதி.

திரும்பி வந்தபோது அக்கா டாப்சன் பாதையில் எங்களை விட நல்ல போட்டோக்கள் எடுத்திருந்தாள்.

புதன், டெகாபோ

முழுநாள் கார். ஜெரால்டைனில் சாப்பாடு. சாயந்திரம் டெகாபோ ஏரி.

ஏரிக்கரையில் ஊதாவும் இளஞ்சிவப்புமாக லூபின் பூ முடிகிற நேரம், ஆனாலும் மிச்சம் இருந்த கொத்துகளுக்கு நடுவே புடவை கட்டி, குழந்தையை உட்காரவைத்து, ட்ரோன் விட்டு என்று ஒரே திருவிழா. நியூசிலாந்தின் அடையாளம் என்று நாட்காட்டியில் அச்சடிக்கிற இந்தப் பூ வட அமெரிக்காவிலிருந்து தோட்டத்துக்கு வந்தது. ஆற்றுப்படுகைச் சரளைக்கல்லில் பரவிக் கல்லை மூடிவிடுகிறது, திறந்த சரளையில் முட்டையிடுகிற காக்கி என்கிற அரிய கறுப்பு நெடுங்கால் உள்ளான் பறவைக்கு இடமில்லாமல் போகிறது.

புல்வெளியில் குனிந்து பார்த்தால் இன்னொரு வந்தேறி, மஞ்சள் பூ ஹாக்வீட். தரையோடு தரையாக இலை பரப்பி, மண்ணில் வேறு எதையும் முளைக்கவிடாமல் டெகாபோ இருக்கிற இந்த மெக்கன்ஸி படுகையில் பெரும் பரப்பைப் பிடித்துவைத்திருக்கிறது. அதுவும் டெய்சிக் குடும்பம்தான். குடும்பத்துக்குள்ளேயே சண்டை.

வியாழன், அயோராக்கி மவுண்ட் குக்

ஹூக்கர் பள்ளத்தாக்கில் நடை. இந்த நாட்டில் அதிகம் பேர் நடக்கிற பாதைகளில் ஒன்று, தட்டையானது, தொங்குபாலம் உண்டு, மலை முகம் நேராக எதிரே. 3,724 மீட்டர். 1991-ல் உச்சியிலிருந்து பெரும் பாறைச்சரிவு ஏற்பட்டு உயரம் குறைந்துபோனது. கூட்டம்தான், மெரினாவில் நடக்கிற மாதிரி எல்லா மொழியும் காதில் விழுகிறது, தெலுங்கு, குஜராத்தி, நம் தமிழ்.

எல்லாரும் தேடுவது மவுண்ட் குக் லில்லியை. அது லில்லி இல்லை, உலகத்திலேயே பெரிய பட்டர்கப். தாமரை இலை வாட்டத்தில் வட்ட இலை, சுத்த வெள்ளைப் பூ. நாங்கள் போனபோது பெரும்பாலும் முடிந்துவிட்டது. டெய்சிகள் நன்றாக இருந்தன, டிக்குமுவும் இருந்தது. ஆனால் எல்லா வருஷமும் இப்படி இருக்காது. கொத்துப்புல், செல்மீசியா லயாலி மாதிரி மலைச்செடிகள் சில கோடைகளில் சரிவு முழுவதும் ஒன்றுசேர்ந்து பூக்கும், அடுத்த கோடையில் ஒன்றிரண்டு தலைநீட்டும். முந்தைய கோடை எவ்வளவு வெப்பமாக இருந்தது என்பதைப் பொறுத்தது இது. இதன் லாபம் விதைக் கணக்கில் வருகிறது. பூத்தலைக்குள் புழுக்கள் இருந்துகொண்டு விதையைத் தின்னும், கொஞ்சம் பூத்தால் எல்லாம் அவற்றுக்கே போய்விடும். ஒரு வருஷம் பட்டினி போட்டுவிட்டு அடுத்து ஒரேயடியாகக் கொட்டினால் புழு தின்றதுபோக மிச்சம் நிற்கும்.

மதியம் சீலி டார்ன்ஸ் போகிற படிக்கட்டில் ஏறினோம். 2,200 படி. பழநி மலையை மூன்று தடவை ஏறுகிற மாதிரி என்று அத்தான் கணக்குப் போட்டார், பாதியில் கணக்குப் போடுவதை நிறுத்திவிட்டார். அங்கே மேலே உட்கார்ந்திருந்தபோதுதான் எதிர்ச்சரிவில் ஏதோ அசைந்தது. பைனாகுலரில் பார்த்தால் பிடரி மயிர் தொங்க ஓர் ஆடு, செங்குத்துப் பாறையில்.

டார். ஹிமாலய டார். நம் வரையாட்டுக்குத் தூரத்து உறவு. ரொம்ப காலம் இரண்டையும் ஒரே பேரினத்தில் வைத்திருந்தார்கள், 2005-க்குப் பிறகுதான் மரபணு ஆய்வை வைத்து நம் ஆட்டைத் தனியாகப் பிரித்தார்கள். நீலகிரியின் முகூர்த்தியில் வரையாட்டைத் தூரத்தில் பார்த்த அன்று எங்கள் குழுவில் யாரும் மூச்சுவிடவில்லை. தமிழ்நாட்டின் மாநில விலங்கு, 2024 கணக்கெடுப்பில் மாநிலம் முழுக்க 1,031-தான். இங்கே கதை தலைகீழ். இங்கிலாந்தில் பெட்ஃபோர்டு பிரபுவின் மந்தையிலிருந்து வந்த சில ஆடுகளை 1904-ல் இதே மவுண்ட் குக் பக்கம் வேட்டை விளையாட்டுக்காக அவிழ்த்துவிட்டார்கள். பெருகிவிட்டன. 1993-ல் போட்ட கட்டுப்பாட்டுத் திட்டம் மொத்தமாக 10,000-க்கு மேல் போகக் கூடாது என்கிறது, பிறகு எடுத்த கணக்கில் 30,000 தாண்டியிருந்தது. இயற்கைப் பாதுகாப்புத் துறை ஹெலிகாப்டரிலிருந்து சுடுகிறது. வேட்டைக்காரர்கள் எதிர்த்து 2020-ல் நீதிமன்றம் வரை போனார்கள்.

வரையாட்டைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு இது உறுத்தலாகத்தான் இருக்கிறது. ஆனால் செடியின் பக்கம் நின்று யோசித்துப் பார்க்க வேண்டியிருக்கிறது. இந்தத் தீவுகளில் மனிதர்கள் வரும்வரை வௌவாலைத் தவிர நிலத்தில் வாழும் பாலூட்டியே கிடையாது. மேய்ந்ததெல்லாம் பறவை, மோவா மாதிரி பெரிய பறவைகள், அவையும் அழிந்துபோயின. மலைச்செடிகள் காற்றுக்கும் பனிக்கும் வெயிலுக்கும் தயாராக இருக்கின்றன, இந்த அளவு ஆட்டு மந்தைக்குத் தயாராக இல்லை. டார் அதிகமாகத் தின்பது கொத்துப்புல், கூடவே பெரிய இலை மலைச்செடிகள். மவுண்ட் குக் லில்லி போன்ற மென்மையான இலைக்காரர்கள்தான் முதலில் காணாமல் போகிறவர்கள். தோலும் பஞ்சுமான டிக்குமு கொஞ்சம் தாக்குப்பிடிக்கிறது. ஆனால் சுற்றிலும் புல் போய், மண் சரிந்து, குளம்பு மிதித்த பிறகு அது மட்டும் எத்தனை நாள் நிற்கும்.

"அப்ப சுடறது சரின்னு சொல்றியா?" என்று கேட்டார் அத்தான்.

சரி என்றுதான் சொன்னேன். முகூர்த்தியில் ஓர் ஆட்டைச் சுட்டால் எனக்குத் தூக்கம் வராது, இங்கே சுடாமல் விட்டால் இந்தச் சரிவுக்குப் போக்கிடம் இல்லை. ஆடு அதே ஆடுதான், அது நிற்கிற மலை வேறு. அத்தான் ஒன்றும் சொல்லவில்லை, பைனாகுலரை வாங்கி ரொம்ப நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

வெள்ளி, லிண்டிஸ் பாஸ்

971 மீட்டர், இரண்டு பக்கமும் பொன்னிறக் கொத்துப்புல். இறங்கினோம், போட்டோ, ஏறினோம். குவீன்ஸ்டவுனில் அறை வாடகையைக் கேட்டு அக்கா ஒரு நிமிஷம் பேசவில்லை.

சனி, ரிமார்க்கபிள்ஸ்

குளிர்காலப் பனிச்சறுக்குத் தளம் வரை தார் ரோடு போகிறது, ஆக 1,600 மீட்டருக்குக் காரிலேயே போய்விடலாம். மலைச்செடி பார்க்க இதை விடச் சுகமான வழி இல்லை. அங்கிருந்து ஆல்டா ஏரி வரை ஒரு மணி நேர நடை.

இங்கே டிக்குமு மாதிரி உயரமான ஆட்கள் இல்லை. எல்லாம் தரையோடு. செல்மீசியா செசிலிஃப்ளோரா வெளிர்சாம்பல் மெத்தையாகக் கல்லுக்கு நடுவே படர்ந்து கிடக்கிறது, பூ காம்பே இல்லாமல் மெத்தையின் மேலேயே உட்கார்ந்திருக்கிறது, காற்றுக்குப் பிடிகொடுக்காமல். பூ முடிந்து விதை முற்றினதும் அப்போதுதான் காம்பு நீள்கிறது, அதே காற்று இப்போது வேண்டும், விதையின் முடிக்குஞ்சத்தைத் தூக்கிக்கொண்டு போவதற்கு. ஒரே செடி ஒரு மாசம் காற்றுக்கு ஒளிந்துகொண்டு அடுத்த மாசம் அதற்குக் கை நீட்டுகிறது. ஒரே மெத்தையில் இரண்டு நிலையும் இருந்தது, குனிந்து அதையே பார்த்துக்கொண்டிருந்ததில் முதுகு பிடித்துக்கொண்டது.

விஸ்கோசா என்கிற இனத்தைத் தொட்டால் விரலில் பிசின். குழிவான இடங்களில் கோடை நடுவரை பனி கிடக்கும், அங்கே பனி உருகின ஈரத்தில் செல்மீசியா ஹாஸ்டி பாயாக விரிந்திருக்கிறது. பனிக்கு அடியில் கிடப்பது கஷ்டம் என்று தோன்றும், உண்மையில் பனி ஒரு போர்வை, வெளியே காற்று எவ்வளவு குளிரினாலும் உள்ளே அவ்வளவு இறங்காது. கஷ்டம் வேறு, பனி நின்று உருகுவதற்குள் கோடையில் பாதி போய்விடும், மிச்சப் பாதிக்குள் இலைவிட்டு, பூத்து, காய்த்து முடிக்க வேண்டும். ஏரியைச் சுற்றி மேலே பாறை, அதற்கு மேலே முகடு, டபுள் கோன் 2,319 மீட்டர். உலகம் சூடாகச் சூடாகக் கீழே இருக்கிற புதரும் புல்லும் மேலே ஏறும், இந்தப் பனிக்குழிச் செடிகள் ஏறிப்போக இன்னும் எவ்வளவு மலை மிச்சம் இருக்கிறது என்று நிமிர்ந்து பார்த்தால் தெரிகிறது, அதிகமில்லை. போதாததற்கு ரோட்டிலிருந்து பார்த்தபோது எதிர்மலைகளில் தன்னிச்சையாகப் பரவுகிற பைன் கன்றுகள் புள்ளி புள்ளியாக.

போக நினைப்பவர்களுக்கு: ஜனவரி முதல் பாதி நல்லது. ஆர்தர்ஸ் பாஸில் மழைக்கென்று ஒரு நாள் கூடுதலாக வைத்துக்கொள்ளுங்கள். வெயில் குளுமையாகத்தான் இருக்கும், ஆனால் தோலைச் சுட்டுவிடும், சன்ஸ்கிரீன் கட்டாயம். மெத்தைச் செடியில் கால் வைக்காதீர்கள், கல்லில் வையுங்கள். ஒவ்வொரு மலைக்கும் முன்பு ஷூவின் அடியையும் சாக்ஸையும் பிரஷ் போட்டுத் தேய்த்துவிடுங்கள். டெகாபோவில் நடந்த என் சாக்ஸில் ஹாக்வீட் விதை ஒட்டியிருந்தது, அக்கா அதை ஒவ்வொன்றாகப் பிடுங்கி, ஒரு பிளாஸ்டிக் கவரில் போட்டு முடிச்சுப் போட்டு, குவீன்ஸ்டவுன் குப்பைத்தொட்டியில் போட்டாள். "உன் டெய்சிக்காகப் பண்றேன்" என்று வேறு சொல்லிக்கொண்டாள்.